ரஹீம் சாப்: ஒரு பள்ளி ஆசிரியரின் தங்கப் பதக்கம்

1962-ஆம் ஆண்டு ஜகார்த்தாவில் நடைபெற்ற நான்காவது ஆசிய விளையாட்டுப் போட்டியில் மலாயா காற்பந்துக் குழு வெண்கலப் பதக்கம் வென்றது. நம் நாட்டுக் காற்பந்து வரலாற்றைப் பேசுவோர் அந்த வெண்கலத்தைத் தவறாமல் குறிப்பிடுவர். அரையிறுதியில் தென் கொரியாவிடம் 1-2 என்ற கோல் கணக்கில் தோற்ற நம் குழு, மூன்றாம் இடத்திற்கான ஆட்டத்தில் தென் வியட்நாமை 4-1 என வீழ்த்தியது. நம்மை வென்ற அதே தென் கொரியாவை இறுதி ஆட்டத்தில் தோற்கடித்துத் தங்கம் வென்ற குழு எது என்று கேட்டால், இன்றைய மாணவர் பலர் சற்றுத் தயங்குவர். அது இந்தியா. அந்தக் குழுவை உருவாக்கியவர் ஐதராபாத்தைச் சேர்ந்த ஒரு பள்ளி ஆசிரியர். பெயர் செய்யிது அப்துல் ரஹீம். ஆட்டக்காரர்கள் அவரை ரஹீம் சாப் என்றே அழைத்தனர்.

கேமரன் மலையின் கியா பார்மில் பிறந்து வளர்ந்து, இன்று தமிழ்ப்பள்ளி ஆசிரியனாகவும் மாலை வேளையில் சிறுவர்களுக்குக் காற்பந்துப் பயிற்றுநனாகவும் இருக்கும் எனக்கு, இம்மனிதரின் வாழ்க்கை வெறும் விளையாட்டுச் செய்தியாகத் தோன்றவில்லை. வசதி குறைந்த பிள்ளைகளை வைத்துக்கொண்டு ஓர் ஆசிரியர் என்ன செய்ய முடியும் என்ற கேள்விக்கு அவர் வாழ்க்கை ஒரு விடை. அந்த விடையை நம் கழகத்தின் இளையோருடன் பகிர்ந்துகொள்ள விரும்பியே இக்கட்டுரையை எழுதுகிறேன்.

ஆட்டக்காரர் ஆசிரியரானார்

ரஹீம் 1909-ஆம் ஆண்டு ஆகஸ்டு 17-ஆம் நாள் ஐதராபாத்தில் பிறந்தார். அப்போது ஐதராபாத் நிஜாம் மன்னரின் ஆட்சியில் இருந்த தனிச் சமஸ்தானம். உஸ்மானியா பல்கலைக்கழகத்தில் கலைப் பட்டம் பெற்ற அவர், படிக்கும் காலத்திலேயே பல்கலைக்கழகக் குழுவுக்கு ஆடினார். பின்னர் கமர் கிளப் என்ற உள்ளூர்க் குழுவின் ஆட்டக்காரரானார். அந்நாளைய ஐதராபாத் லீக் ஆட்டங்களில் பெயர் பெற்ற குழு அது.

ஆனால், ஆட்டத்தை வைத்துக் குடும்பம் நடத்தக் கூடிய காலமாக அது இருக்கவில்லை. ரஹீம் பள்ளி ஆசிரியரானார். காச்சிகுடா நடுநிலைப் பள்ளி, சாதர்காட் உயர்நிலைப் பள்ளி முதலிய பள்ளிகளில் பாடம் நடத்தினார். இடையில் உடற்கல்வியிலும் பட்டயம் பெற்றார். அதன் பின்னர் பாடத்தோடு விளையாட்டும் அவர் பொறுப்புக்கு வந்தது. நம் பள்ளிகளில் புறப்பாட நடவடிக்கை என்று சொல்லி ஒரு மூலையில் வைத்துவிடுகிறோமே, அந்த மூலையிலிருந்துதான் அவரின் பெரும்பணி தொடங்கியது.

1940-களின் தொடக்கத்தில் ஐதராபாத் காற்பந்துச் சங்கத்தின் செயலாளர் பொறுப்பை அவர் ஏற்றார். இறக்கும் வரை அப்பொறுப்பை விடவில்லை. 1950-ஆம் ஆண்டு ஐதராபாத் நகரக் காவல் துறைக் குழுவின் பயிற்றுநரானார். அதே காலத்தில் இந்தியத் தேசியக் குழுவின் பயிற்சியும் அவர் கைக்கு வந்தது.

அன்றைய இந்தியக் காற்பந்தின் தலைநகரம் கல்கத்தா. மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால், முகமதன் ஸ்போர்ட்டிங் ஆகிய மூன்று பெரும் குழுக்களும் அங்குதான் இருந்தன. பத்திரிகைகளும் அங்குதான். ஐதராபாத்தில் இருந்தவர்களோ காவல் துறைக் காவலர்கள். ஆயினும், 1950 முதல் 1954 வரை தொடர்ந்து ஐந்து ஆண்டுகள் பம்பாயின் ரோவர்ஸ் கிண்ணத்தை அந்தக் காவலர்களே வென்றனர். டூராண்ட் கிண்ணத்தையும் பலமுறை கைப்பற்றினர். மாநிலங்களுக்கிடையிலான சந்தோஷ் கிண்ணத்தை ஐதராபாத் மாநிலக் குழு அடுத்தடுத்து இரு முறை வென்றதும் இதே காலத்தில்தான்.

வலுவற்ற காலுக்கும் ஒரு போட்டி

இத்தனை வெற்றிக்குக் காரணம் என்ன? ரஹீமின் பயிற்சி முறையே என்று துணிந்து கூறலாம்.

அக்காலத்து இந்திய ஆட்டக்காரர்களுக்குப் பந்தைக் காலோடு ஒட்டவைத்துக்கொண்டு ஒவ்வொருவராக ஏமாற்றிக் கடந்து போவதில்தான் மோகம். பார்வையாளர்களும் அதற்கே கைதட்டினர். ஒருவர் நான்கு பேரைக் கடந்து ஐந்தாமவரிடம் பந்தை இழந்தாலும் அவர் பெரிய ஆட்டக்காரர்தான். ரஹீம் இதை மாற்ற எண்ணினார். அதற்காக ஐதராபாத்தில் அவர் நடத்திய ஒரு வகைப் போட்டியில் பந்தைத் தன்னிடமே வைத்துக்கொண்டு எதிரியைக் கடந்து போகத் தடை இருந்தது. பந்து வந்தவுடன் தோழருக்கு அனுப்பிவிட வேண்டும். அடுத்த ஆட்டக்காரர் எங்கே நிற்கிறார் என்பதைப் பந்து வருமுன்பே பார்த்து வைத்திருப்பவர் மட்டுமே அப்போட்டியில் தேற முடியும்.

மற்றொரு வகைப் போட்டி இன்னும் விந்தையானது. அதில் வலக்காலால் ஆடிப் பழகியவர் இடக்காலால் மட்டும்தான் பந்தை உதைக்க வேண்டும். இடக்கால் ஆட்டக்காரருக்கு வலக்கால். அதாவது, ஒவ்வொருவரும் தமக்கு வராத காலைக் கொண்டே ஆட வேண்டும். முதலில் இது சிரிப்பை வரவழைத்திருக்கும் என்பதில் ஐயமில்லை. ஆனால் சில பருவங்கள் கழிந்த பின், எதிரணியினர் எந்தப் பக்கம் மறித்தாலும் அடுத்த பக்கம் திரும்பத் தெரிந்த ஒரு தலைமுறையே ஐதராபாத்தில் வளர்ந்து நின்றது.

இவ்விரண்டு போட்டிகளிலும் நான் காண்பது ஓர் ஆசிரியரின் மனம். நல்ல ஆசிரியர் மாணவனின் திறமையைப் பாராட்டுவார். மிக நல்ல ஆசிரியர் அவனுடைய குறையையும் ஒரு பாடமாக்கிவிடுவார். குறையைச் சுட்டிக்காட்டி ஏசாமல், எல்லாருக்கும் அதே குறை இருக்கும்படியான ஒரு களத்தை அமைத்துவிட்டால் அங்கே யாருக்கும் வெட்கம் இல்லை. அனைவரும் சமமாகத் தடுமாறுவர். அனைவரும் சமமாகக் கற்பர்.

வெறுங்காலும் காலணியும்

1951-ஆம் ஆண்டு புதுடில்லியில் முதலாவது ஆசிய விளையாட்டுப் போட்டி நடைபெற்றது. சைலன் மன்னா தலைமையில் ஆடிய இந்தியா, இந்தோனேசியாவையும் ஆப்கானிஸ்தானையும் தலா 3-0 என வென்று, இறுதி ஆட்டத்தில் ஈரானை 1-0 என வீழ்த்தித் தங்கம் பெற்றது. பயிற்றுநர் ரஹீமுக்கு அது முதல் பெருவெற்றி.

மறு ஆண்டே ஓர் அடி விழுந்தது. 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் யூகோஸ்லாவியாவிடம் இந்தியா 1-10 எனத் தோற்றது. அந்நாள் இந்திய ஆட்டக்காரர் பலருக்கு வெறுங்காலால் ஆடுவதே பழக்கம். வெயில் காய்ந்த உலர்ந்த தரையில் வெறுங்கால் ஒரு வசதி. பந்து சொன்னபடி கேட்கும். குளிர்ந்து ஈரமான ஐரோப்பியத் திடலிலோ அது வழுக்கும், விறைத்துப் போகும். எதிரணியினரோ காலணியோடு மோதுவார்கள். அந்தத் தோல்விக்குப் பிறகு இந்தியக் காற்பந்துச் சம்மேளனம் ஆட்டக்காரர்கள் காலணி அணிவதைக் கட்டாயமாக்கியது.

விதியை எழுதுவது எளிது. இருபது ஆண்டுகள் வெறுங்காலால் ஆடிய ஒருவரின் காலில் கனத்த தோல் காலணியை மாட்டி, அதே நளினத்தோடு ஆட வைப்பதுதான் கடினம். அந்தச் சுமை பயிற்றுநர்களின் தோளில் ஏறியது. ரஹீம் அப்போது உலகம் ஆடும் முறைகளையும் கூர்ந்து கவனித்தார். 1953-இல் இங்கிலாந்தை அதன் சொந்த வெம்பிளித் திடலில் 6-3 என வீழ்த்திய ஹங்கேரிக் குழு, நடு முன்னணி ஆட்டக்காரரைச் சற்றுப் பின்னால் நிறுத்தி எதிரணித் தற்காப்பைக் குழப்பியது. இவரைப் பின்தொடர்ந்து முன்னே போவதா, இடத்திலேயே நிற்பதா என்று காவலர் திகைக்கும் நொடியில் மற்றவர்கள் உள்ளே புகுந்துவிடுவர். இந்த உத்தியை ரஹீம் தம் குழுக்களுக்கும் கொண்டு வந்தார்.

மெல்பர்ன் 1956

அதன் பலன் மெல்பர்ன் ஒலிம்பிக்கில் தெரிந்தது. முதல் சுற்றில் இந்தியாவோடு மோத வேண்டிய ஹங்கேரி போட்டியிலிருந்து விலகியதால், இந்தியா நேரே காலிறுதிக்குச் சென்றது. அங்கே எதிர்கொண்டது உபசரணை நாடான ஆஸ்திரேலியாவை. 1956 டிசம்பர் முதல் நாள் நடந்த அந்த ஆட்டத்தில் இந்தியா 4-2 என வென்றது. நெவில் டிசூசா மூன்று கோல்கள் அடித்தார். ஒலிம்பிக் காற்பந்தில் ஒரே ஆட்டத்தில் மூன்று கோல் அடித்த முதல் ஆசியர் அவரே. நான்காவது கோலை அடித்தவர் கிட்டு என்று அழைக்கப்பட்ட கிருஷ்ணசாமி.

ஒலிம்பிக் காற்பந்தில் அரையிறுதிக்குத் தகுதி பெற்ற முதல் ஆசியக் குழு என்ற பெருமை இந்தியாவுக்குக் கிடைத்தது. அரையிறுதியில் நான்கு ஆண்டுகளுக்கு முன் பத்துக் கோல் போட்ட அதே யூகோஸ்லாவியா. இம்முறை முதல் கோலை அடித்தது இந்தியா. இரண்டாம் பாதியின் தொடக்கத்தில் நெவில் டிசூசா அடித்த அந்தக் கோல் சிறிது நேரமே நிலைத்தது; ஆட்டம் 1-4 என முடிந்தது. வெண்கலப் பதக்கத்திற்கான ஆட்டத்தில் பல்கேரியாவிடம் 0-3 எனத் தோற்று இந்தியா நான்காம் இடம் பெற்றது. 1-10 என்பதிலிருந்து நான்கே ஆண்டுகளில் உலகின் நான்காம் இடம்!

1960 ரோம் ஒலிம்பிக்கில் பதக்கம் இல்லை. ஆனால் ஹங்கேரியிடம் 1-2 என்ற நூலிழைத் தோல்வி. பிரான்சுடன் 1-1 என்ற சமநிலை. பெருவிடம் மட்டும் 1-3 என்ற தெளிவான தோல்வி. அந்தக் குழுவில் ரஹீமின் சொந்த மகன் செய்யிது ஷாஹித் ஹக்கீமும் இருந்தார். பின்னாளில் அனைத்துலக நடுவராகவும் பயிற்றுநராகவும் விளங்கியவர். ரோமில் நடந்த மூன்று ஆட்டங்களில் ஒன்றில்கூட அவர் களம் இறங்கவில்லை. தந்தை பயிற்றுநராக இருந்தும் மகன் இருக்கையில் அமர்ந்திருந்தார். இந்த ஒரு செய்தியே ரஹீமின் குணத்தைச் சொல்லப் போதுமானது.

அவர் வளர்த்த இரு தமிழர்

ரஹீமின் குழுவில் நம்மவர் இருவர் இருந்தனர் என்பதை இங்கே தனியாகக் குறிப்பிட வேண்டும்.

ஒருவர் துளசிதாஸ் பலராம். 1936-ஆம் ஆண்டு செகந்தராபாத் இராணுவக் குடியிருப்பை ஒட்டிய அம்முகுடா என்னும் சிற்றூரில் தமிழ்ப் பெற்றோருக்குப் பிறந்தவர். ஏழ்மையான குடும்பம். காவலர்கள் கழித்துப் போட்ட பழைய பூட்ஸிலிருந்து செருப்புத் தைப்பவர் ஒருவர் செய்து கொடுத்ததுதான் அவருடைய முதல் காற்பந்துக் காலணி என்பர். அவர் திறமையைக் கண்ட ரஹீம் பயிற்சிக்கு அழைத்தார். ஊரிலிருந்து நகரத்திற்கு வந்து போகக் கையில் காசு இல்லை. சைக்கிளில் வந்து போக ரஹீம் வழி செய்து கொடுத்தார். 1956-இல் இருபது வயதில் அந்த இளைஞர் ஒலிம்பிக் குழுவோடு மெல்பர்ன் சென்றார். ரோமில் ஹங்கேரிக்கும் பெருவுக்கும் எதிராக இந்தியா அடித்த கோல்கள் இரண்டும் அவருடையவை. சைக்கிளுக்கு வழியில்லை என்பதற்காக ஒரு பிள்ளை நின்று போயிருந்தால் அந்தக் கோல்கள் இல்லை.

மற்றொருவர் பீட்டர் தங்கராஜ். ஐதராபாத்தில் பிறந்த தமிழர். இராணுவத்தில் சேர்ந்து மெட்ராஸ் ரெஜிமென்டல் சென்டர் குழுவுக்கு ஆடியவர். அந்தப் படைப்பிரிவு இருப்பது நீலகிரி மலையில், குன்னூரை அடுத்த வெலிங்டனில். சுற்றிலும் தேயிலைத் தோட்டங்கள், பனி, குளிர். கேமரன் மலைக்காரனான எனக்கு இதைப் படித்தபோது மனத்தில் ஒரு நெருக்கம் உண்டானது. அந்த மலைக்குழு 1955-இலும் 1958-இலும் டூராண்ட் கிண்ணத்தை வென்றது. முன்னணி ஆட்டக்காரராகத் தொடங்கிய தங்கராஜ் பின்னர் கோல் காவலராக மாறினார். ஆறடிக்கு மேல் உயரம், நீண்ட கைகள். ஆசியாவின் தலைசிறந்த கோல் காவலர்களில் ஒருவராக மதிக்கப்பட்டார்.

ஜகார்த்தா 1962

இனி அந்தத் தங்கத்திற்கு வருவோம். தொடக்கமே தோல்வி. முதல் ஆட்டத்தில் தென் கொரியா 2-0 என இந்தியாவை வீழ்த்தியது. அடுத்து தாய்லாந்தை 4-1 என வென்றாலும், அந்த ஆட்டத்தில் தற்காப்பின் தூணான ஜர்னயில் சிங்கின் தலையில் பலத்த காயம். தையல் போட வேண்டியதாயிற்று. ஜப்பானுக்கு எதிரான ஆட்டத்தில் அவர் இல்லை. பி.கே. பானர்ஜியும் பலராமும் அடித்த கோல்களால் இந்தியா 2-0 என வென்று அரையிறுதிக்குள் நுழைந்தது.

இதற்கிடையே திடலுக்கு வெளியே வேறொரு புயல் வீசியது. உபசரணை நாடான இந்தோனேசியா, இஸ்ரேலுக்கும் தைவானுக்கும் நுழைவு அனுமதி தரவில்லை. அவ்வாறாயின் இதற்கு ஆசிய விளையாட்டுப் போட்டி என்ற பெயர் பொருந்தாது என்று இந்தியாவைச் சேர்ந்த விளையாட்டு அதிகாரி குரு தத் சோந்தி வாதிட்டார். ஜகார்த்தா மக்களின் கோபம் இந்தியர் மீது திரும்பியது. இந்தியத் தூதரகம் தாக்கப்பட்டது. கல்லடிக்கு அஞ்சிப் பேருந்திலிருந்து நாட்டுக் கொடியை அகற்றிவிட்டுப் பயணம் செய்ததாக ஆட்டக்காரர்கள் பின்னாளில் நினைவுகூர்ந்துள்ளனர்.

இந்நிலையில் ரஹீம் எடுத்த முடிவு அவருடைய அத்தனை ஆண்டு அனுபவத்தின் சாறு. காயத்தோடு இருந்த ஜர்னயிலை வீட்டுக்கு அனுப்பவும் இல்லை; பழைய இடத்தில் நிறுத்தவும் இல்லை. முன்னணிக்கு அனுப்பினார். தற்காப்பின் நடுவில் அருண் கோஷ் நின்றார். தலையில் கட்டுடன் முன்னணியில் ஆடிய ஜர்னயில் அரையிறுதியில் தென் வியட்நாமுக்கு எதிராக ஒரு கோல் அடித்தார். குழுத் தலைவர் சுனி கோஸ்வாமி இரண்டு கோல்கள் அடித்தார். ஆட்டம் 3-2 என முடிந்தது.

செப்டம்பர் 4-ஆம் நாள் இறுதி ஆட்டம். செனாயான் அரங்கில் ஏறக்குறைய ஒரு லட்சம் பேர். பெரும்பாலோர் இந்தியா தோற்க வேண்டும் என்று கூச்சலிட்டனர். ஒரு மூலையில் பாகிஸ்தான் ஹாக்கிக் குழுவினர் மட்டும் இந்தியாவுக்காகக் குரல் கொடுத்தனர் என்பது அன்றைய நாளின் இனிய செய்தி. காய்ச்சலால் முந்தைய ஆட்டங்களில் ஒதுங்கியிருந்த தங்கராஜ் மீண்டும் கோல் கம்பங்களுக்கிடையே நிறுத்தப்பட்டார். இதுவும் ரஹீமின் துணிச்சலான முடிவுதான்; அதுவரை நன்றாக ஆடிய இளம் காவலர் பிரத்யுத் பர்மனை வெளியே அமர்த்தி, நோயிலிருந்து எழுந்தவரை இறக்குவது எளிய காரியமா?

பதினேழாவது நிமிடத்தில் பி.கே. பானர்ஜி முதல் கோல் அடித்தார். மூன்றே நிமிடம் கழித்து ஜர்னயில் இரண்டாவது கோலைப் போட்டார். அதன் பின் தென் கொரியா மாறி மாறித் தாக்கியது. ஆட்டம் முடிய ஐந்து நிமிடம் இருக்கும்போதுதான் தங்கராஜைக் கடந்து ஒரு பந்து உள்ளே போனது. 2-1. முதல் ஆட்டத்தில் தன்னைத் தோற்கடித்த குழுவையே வென்று இந்தியா தங்கம் பெற்றது. அன்று முதல் இக்கட்டுரை எழுதும் நாள் வரை ஆசிய விளையாட்டுக் காற்பந்தில் இந்தியா மீண்டும் தங்கம் வென்றதில்லை.

அணைந்த விளக்கு

ஜகார்த்தாவிலிருந்து திரும்பி ஓராண்டு நிறைவதற்குள், 1963-ஆம் ஆண்டு ஜூன் 11-ஆம் நாள், நுரையீரல் புற்றுநோயால் ரஹீம் காலமானார். வயது 53.

அதன் பிறகு அவர் பெயரை மெல்ல மறந்தனர். சுனி கோஸ்வாமியையும் பி.கே. பானர்ஜியையும் ஜர்னயிலையும் மக்கள் நினைவில் வைத்திருந்தனர். கோல் அடித்தவரை நினைவில் வைத்திருப்பது உலக வழக்கம். அறுபது ஆண்டுகளுக்குப் பிறகு, 2024-ஆம் ஆண்டு அவர் வாழ்க்கையைத் தழுவி வெளிவந்த மைதான் என்ற இந்தித் திரைப்படம்தான் இன்றைய தலைமுறைக்கு அவரை அறிமுகப்படுத்தியது. அதைக் காணப் பலராம் உயிரோடு இல்லை. 2023 பிப்ரவரியில் அவர் மறைந்துவிட்டார். பி.கே. பானர்ஜியும் சுனி கோஸ்வாமியும் 2020-இலேயே காலமாகியிருந்தனர்.

ஆயினும் ரஹீமின் பணி படத்திற்காகக் காத்திருக்கவில்லை. அவரிடம் பயின்ற பி.கே. பானர்ஜி, அருண் கோஷ், பலராம், தங்கராஜ் ஆகியோர் ஆட்டத்தை விட்ட பின் தாமும் பயிற்றுநர்களாயினர். 1970-இல் பாங்காக்கில் இந்தியா வெண்கலம் வென்றபோது அக்குழுவின் பயிற்றுநர்களில் ஒருவர் பி.கே. பானர்ஜி. விளக்கு அணைந்தாலும் அதில் ஏற்றிய விளக்குகள் எரிந்துகொண்டிருந்தன.

கியா பார்மிலிருந்து

கியா பார்ம் என்றால் வெளியூரார் காய்கறிச் சந்தையையும் ஸ்ட்ராபெரியையும் நினைப்பர். வாரக் கடைசியில் பிரிஞ்சாங்கிலிருந்து இங்கு வரை வாகனங்கள் நகராமல் நிற்கும். அதற்குச் சற்று அப்பால், சுங்கை பாலாஸ் பக்கமாகத் திரும்பினால் தேயிலைச் சரிவுகள். எங்கள் மலையில் சமதரை என்பது தங்கத்தைவிட அரிது. கிடைக்கும் சமதரையில் காய்கறி நட்டால் பணம். அங்கே பிள்ளைகளுக்குத் திடல் யார் தருவார்? நாங்கள் ஆடும் இடம் ஒரு பக்கம் சாய்ந்தது. ஓங்கி உதைத்தால் பந்து தேயிலைச் செடிகளுக்குள் உருண்டுவிடும். அதைத் தேடி எடுப்பதே பாதி ஆட்டம்.

என் தாத்தா காலத்தில் தோட்டத்துக்குத் தோட்டம் காற்பந்துக் குழு இருந்தது. லயங்களுக்கு இடையே போட்டி நடந்தால் ஊரே திரளும். இன்று நம் குடும்பங்கள் பல பிள்ளைகளின் படிப்புக்காகவும் வேலைக்காகவும் ஈப்போவுக்கும் கோலாலம்பூருக்கும் இறங்கிவிட்டன. தேயிலை பறிப்போரில் பெரும்பாலோர் அயல்நாட்டுத் தொழிலாளர்கள். சில மாலைகளில் பதினொரு பேர் சேர்வதே இல்லை. எட்டுப் பேரை வைத்துக்கொண்டு எதற்கு இந்த வேலை, பிள்ளைகளைப் படிக்க விடக் கூடாதா என்று பெற்றோர் கேட்கின்றனர். நியாயமான கேள்விதான்.

ரஹீமைப் பற்றிப் படித்த பிறகு அவருடைய வலுவற்ற கால் போட்டியை எங்கள் சிறுவர்களிடம் நடத்திப் பார்த்தேன். முதல் அரை மணி நேரம் ஒரே சிரிப்பு. பின்னர் நான் எதிர்பாராத ஒன்று நடந்தது. எப்போதும் பந்தைத் தன்னிடமே வைத்துக்கொள்ளும் கெட்டிக்காரப் பையன், அன்று அடுத்தவனைத் தேடத் தொடங்கினான். எப்போதும் ஓரமாக நிற்கும் ஒல்லிப் பையனுக்குப் பந்து வந்தது. அவனும் தடுமாறினான், ஆனால் எல்லாரும் தடுமாறியதால் அவனை யாரும் ஏசவில்லை. அந்த வாரம் முதல் அவன் ஒரு நாளும் பயிற்சிக்கு வராமல் இருந்ததில்லை. இப்போது பள்ளியிலும் கை உயர்த்திக் கேள்வி கேட்கிறான்.

ஆட்கள் குறைவாக இருக்கும்போது ஜர்னயிலின் கதை எனக்குத் துணை நிற்கிறது. இருப்பவரைக் கொண்டு இடத்தை மாற்றி ஆட வேண்டும். தற்காப்பு ஆட்டக்காரன் முன்னணிக்குப் போகட்டும். முன்னணி ஆட்டக்காரன் கோல் காவலனாகட்டும். தங்கராஜும் அப்படி மாறியவர்தானே! பெற்றோரிடமும் இதைத்தான் சொல்கிறேன். இங்கிருந்து ஓர் ஒலிம்பிக் வீரன் வருவானா என்று எனக்குத் தெரியாது. அதற்காக நான் திடலுக்குப் போகவில்லை. தனக்கு வராததை நான்கு பேர் முன்னிலையில் முயன்று பார்க்கும் துணிவு ஒரு பிள்ளைக்கு வந்துவிட்டால், அது கணிதத்திற்கும் உதவும், நேர்முகத் தேர்வுக்கும் உதவும்.

இளையோரே, நம் கழகத்திலிருந்து ஆண்டுதோறும் பட்டம் பெற்றுச் செல்வோரில் பலர் ஆசிரியராகின்றனர். எந்தத் தோட்டத்துப் பள்ளிக்கு, எந்தச் சிற்றூருக்குப் பணியமர்த்தப்படுவோம் என்ற கவலை உங்களுக்கு இருக்கலாம். காச்சிகுடா நடுநிலைப் பள்ளியில் பாடம் நடத்திய ஆசிரியர் ஒருவர், காவலர்களையும் ஏழைப் பிள்ளைகளையும் கொண்டு ஓர் ஆசியத் தங்கத்தை வார்த்தெடுத்தார். உங்கள் வகுப்பின் கடைசி வரிசையிலும் சைக்கிளுக்கு வழியில்லாத ஒரு பலராம் அமர்ந்திருக்கலாம். அவன் எப்படிப் பள்ளிக்கு வந்து போகிறான் என்று முதல் வாரத்திலேயே கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.